இரண்டே படங்கள் எடுத்த இயக்குநர்: யுவான் முஜி

சீனாவின் தேசிய கீதம் முதலில் ஒரு சினிமா பாட்டு என்பது பலருக்குத் தெரியாது. 1935-ல் வந்த அந்தப் படத்தின் நாயகன் யுவான் முஜி. பாட்டின் முதல் ஒலிப்பதிவில் ஒலித்த குரல்களில் அவருடையதும் ஒன்று.

1909-ல் நிங்போவில் பிறந்த யுவான், ஷாங்காய் நாடக மேடையில் "ஆயிரம் முகம் கொண்டவர்" என்று பெயர் எடுத்தவர். கிழவனோ வாலிபனோ, எந்த வேஷமும் அவருக்குப் பொருந்தும். 1934-ல் அவர் எழுதி நடித்த முதல் படத்தின் கதை இன்றைய பட்டதாரிகளுக்கும் புரியும். நேர்மையாக இருந்ததால் வேலையை இழந்த படித்த இளைஞன், வறுமையில் திருடி, கடைசியில் மரண தண்டனை பெறுகிறான்.

அடுத்த வருடமே இயக்குநர் ஆனார். 1937-ல் வந்த அவருடைய இரண்டாவது படம்தான் 'தெருவின் தேவதை'. ஷாங்காய் சந்து ஒன்றில் வாழும் ஊதுகுழல் கலைஞன், தேநீர்க் கடையில் பாடும் பெண், பாலியல் தொழிலில் தள்ளப்பட்ட அவள் அக்கா... பாதிப் படம் சிரிப்பு, மீதி கண்ணீர். பாடகியாக நடித்த ஜோவ் ஷுவானின் பாட்டுகள் இன்றும் சீனாவில் பிரபலம்.

அதே ஜூலையில் ஜப்பானுடன் முழுப் போர் மூண்டது. 1938-ல் யுவான், கம்யூனிஸ்டுகளின் தலைமையிடமான யேனானுக்குப் போனார். டச்சு இயக்குநர் யோரிஸ் ஐவன்ஸ் கொடுத்த கேமராவை வைத்து அங்கே ஆவணப்படம் எடுத்தார்கள். வேலையை முடிக்க 1940-ல் அந்தப் படச்சுருளுடன் மாஸ்கோ போனார். 1941-ல் ஜெர்மனி படையெடுத்தது. அந்தக் குழப்பத்தில் படச்சுருள் தொலைந்தது. கூடவே போன இசையமைப்பாளர் ஷியான் ஷிங்ஹாய் 1945-ல் மாஸ்கோவிலேயே இறந்தார்.

1946-ல் ஊர் திரும்பிய யுவானுக்குக் கிடைத்தது இயக்குநர் நாற்காலி அல்ல, நிர்வாகி நாற்காலி. வடகிழக்குத் திரைப்பட நிலையத்தின் தலைவர். 1949-ல் மத்திய திரைப்படப் பணியகத்தின் முதல் தலைவர். புதிய சீனாவின் சினிமாத் துறைக்கே அஸ்திவாரம் போட்டவர்களில் ஒருவர். பிறகு உடல்நலம் கெட்டுப் பதவியை விட்டார். 1978-ல் இறந்தார்.

மற்றவர்கள் படம் எடுக்க வழி செய்தவர், 28 வயதுக்குப் பிறகு ஒரு கதைப்படம் கூட இயக்கவில்லை. நாட்டுக்கு ஒரு நல்ல நிர்வாகி கிடைத்தார். ஆனால் மூன்றாவது படம் வரவே இல்லை. 'தெருவின் தேவதை'யைப் பார்ப்பவர்களுக்குத்தான் அந்த நஷ்டத்தின் அளவு தெரியும்.