தாடியியல்: ஒரு சொல்லும் அதன் வரலாற்றுப் பின்புலமும்

ஆங்கில அகராதிகளில் அரிதாக ஆளப்படும் சொற்களுள் 'போகோனாலஜி' என்பதும் ஒன்று. தாடியைப் பற்றிய ஆய்வு என்பது இதன் பொருள். அவ்வாய்வில் ஈடுபடுவோர் 'போகோனாலஜிஸ்ட்' எனப்படுவர். 'போகோன்' என்னும் கிரேக்கச் சொல் தாடியைக் குறிக்கும். இன்று வினாடி வினாப் போட்டிகளிலும் சொல் விளையாட்டுப் பகுதிகளிலும் மட்டுமே தலைகாட்டும் இச்சொல், கேட்போரிடம் முதலில் எழுப்புவது நகைப்பையே. தாடியை ஆராய ஒரு துறையா என்னும் வினா இயல்பானதே. எனினும் இச்சொல் தோன்றிய சூழலையும், அதற்கு முன்னும் பின்னும் தாடி குறித்து எழுந்த நூல்களையும் வைத்து நோக்கும்போது, தாடி பெரும்பாலும் அழகின் பொருட்டு எழுத்தில் இடம்பெறவில்லை என்பது புலனாகிறது. தாடியை வைத்திருக்கலாமா என்னும் வழக்கு எழுந்தபோதுதான் அது எழுதப்பட்டிருக்கிறது. அவ்வாறு எழுதியவர் யார், எழுத இயலாமற் போனவர் யார் என்பதனை இக்கட்டுரை ஆராய முற்படுகிறது.

சொல்லின் பிறப்பு

தாடியை ஆய்வதற்கான சொல்லுக்கு முன்பே தாடியை மழிப்பதற்கான சொல் பிறந்துவிட்டது. பாரிசு நகரத்துக் கத்திசெய் கலைஞர் ழான் ழாக் பெரே 1769இல் வெளியிட்ட நூலின் தலைப்பு 'போகோனோதோமி' என்பதாகும். 'தோமி' என்பது வெட்டுதலைக் குறிக்கும் கிரேக்க ஈறு. தன் முகத்தைத் தானே மழித்துக்கொள்ளக் கற்பிக்கும் நூல் அது. கத்தியைத் தேர்ந்தெடுக்கும் முறை, தீட்டும் முறை, தோலில் காயம் படாதவாறு மரக்காப்பு பொருத்திய சவரக்கத்தியின் அமைப்பு ஆகியவற்றைப் பெரே விளக்குகிறார். நாவிதரிடம் முகத்தை ஒப்படைத்துப் பழகிய ஒரு சமூகத்தில், கத்தி செய்பவர் எழுதிய இந்நூலுக்கு வணிக நோக்கமும் இருந்திருக்கும் என்பதை மறுப்பதற்கில்லை. மழித்தல் அன்று நாகரிகத்தின் அடையாளம். ஐரோப்பிய மேட்டுக்குடி ஆடவர் மழித்த முகமும் பொய்மயிர்த் தொப்பியுமாக உலவிய காலம் அது.

பதினேழு ஆண்டுகள் கழித்து, 1786இல், ழாக் அந்துவான் துலோர் (1755-1835) 'போகோனோலோழி' என்னும் பிரெஞ்சு நூலை வெளியிட்டார். தாடியின் மெய்யியல் வரலாறு என்பது அதன் துணைத்தலைப்பு. அதே ஆண்டில் இங்கிலாந்தின் எக்சிட்டர் நகரில் அதன் ஆங்கில மொழிபெயர்ப்பும் அச்சாயிற்று. பிரெஞ்சு நூலின் முகப்பில் வெளியீட்டிடமாகப் பாரிசுடன் கான்ஸ்தாந்திநோபிளும் குறிக்கப்பட்டுள்ளது. தாடிக்கு மதிப்புள்ள நகரிலிருந்து வருவதாகக் காட்டும் அங்கதம் இது என்றே கொள்ளத் தோன்றுகிறது. தாடியுள்ள பெண்டிர், பொய்த்தாடி, பொன்தாடி, மீசை, குருமாரின் தாடி என நூலின் இயல்கள் விரிகின்றன. தாடி இயற்கை அளித்தது, மழித்தல் ஆண்மைக்குக் குறைவு என்பது துலோரின் வாதம். இவ்வாதத்தை இன்று ஏற்பதற்கில்லை. பெண்மையைத் தாழ்வின் குறியீடாகக் கொள்ளும் அக்காலப் பார்வை அதில் வெளிப்படையாகவே உள்ளது. ஆயினும் பல சமயங்களிலும் பல நாடுகளிலும் தாடி பெற்ற இடத்தை ஒருங்கு தொகுத்து, அதனை ஓர் ஆய்வுப் பொருளாக்கியவர் என்னும் சிறப்பு அவருக்கு உண்டு.

துலோர் பின்னாளில் பிரெஞ்சுப் புரட்சியின் தேசியப் பேரவையில் உறுப்பினராகி, பதினாறாம் லூயியின் மரண தண்டனைக்கு வாக்களித்தவர். அவர் போற்றிய தாடியை அப்புரட்சியின் தலைவர்கள் எவரும் வளர்க்கவில்லை. ரோபெஸ்பியரும் தாந்தோனும் மழித்த முகத்தினரே.

சொல்லுக்கு முன்னைய நூல்கள்

சொல் புதியது. பொருளோ மிகப் பழமையானது. உரோமப் பேரரசர் யூலியன் கி.பி. 363ஆம் ஆண்டின் தொடக்கத்தில் அந்தியோக்கியா நகரில் 'மிசோபோகோன்' என்னும் நூலை இயற்றினார். 'தாடியை வெறுப்பவன்' என்பது அத்தலைப்பின் பொருள். அவருக்கு முன் ஆண்ட கான்ஸ்தந்தீனும் அவருடைய மைந்தர்களும் மழித்த முகத்தினர். யூலியனோ பழைய கிரேக்க மெய்யியலாளரின் வழியில் தாடி வளர்த்தார். தானிய விலையேற்றத்தாலும் சமயப் பூசலாலும் கசப்புற்றிருந்த நகரமக்கள், அத்தாடியைக் கொண்டு கயிறு திரிக்கலாம் என எள்ளி நகையாடினர். எள்ளியவரைத் தண்டிக்கும் ஆற்றல் பேரரசருக்கு இருந்தது. அவரோ தம்மைத் தாமே இகழ்வதுபோல் ஓர் அங்கத நூல் எழுதி, அதன் ஊடாக நகரத்தாரைச் சாடினார். ஆள்வோன் தன் தாடிக்குத் தானே எழுதிய வாதுரை என இதனைக் கூறலாம். அவ்வாண்டின் சூன் மாதத்தில் பாரசீகப் போரில் அவர் உயிர் துறந்தார்.

இதனினும் நுட்பமானது பன்னிரண்டாம் நூற்றாண்டைச் சார்ந்த 'தாடிகளுக்கான வாதுரை' என்னும் இலத்தீன் நூல். பெல்வோ மடத்தின் தலைவர் புர்க்கார்டு ஏறத்தாழ 1160இல் இதனை எழுதினார். சிஸ்தெர்சியத் துறவு மடங்களில் இருவகையினர் வாழ்ந்தனர். வழிபாட்டிலும் ஓதுதலிலும் ஈடுபட்ட துறவியர் மழித்த முகத்தினர். வயலிலும் பட்டறையிலும் உழைத்த எளிய சகோதரர்கள் தாடியுடையோர். 'தாடிச் சகோதரர்' என்றே அவர்கள் அழைக்கப்பெற்றனர். ரோசியேர் மடத்துத் தாடிச் சகோதரரின் நடத்தையைக் கண்டித்துப் புர்க்கார்டு எழுதிய மடலில், விவிலியத் தொடர் ஒன்றைத் தழுவி, அவர்தம் தாடிகள் நெருப்புக்கு இரையாகும் என்னும் கருத்து இடம்பெற்றிருந்தது. அவர்கள் சினமுற்றனர். சினத்தைத் தணிக்கவே இந்நூல் எழுந்தது. தாடியின் தூய்மை, அமைப்பு, இயல்பு என மூன்று பகுதிகளாக அமைந்த இது, தாடி வளரும் இடங்களையும் வடிவங்களையும் வியப்புறுமளவுக்கு வகைப்படுத்துகிறது. துலோரின் சொல் பிறப்பதற்கு ஆறு நூற்றாண்டுகளுக்கு முன்பே தாடியியல் பிறந்துவிட்டது என்று இந்நூலைக் கொண்டு துணியலாம்.

இங்கு ஒன்று கருதத்தக்கது. நூலை எழுதியவர் மழித்த முகத்தினர். எழுதப்பட்டதோ தாடியுடையோரை முன்னிட்டு. சிஸ்தெர்சிய விதிகள் உழைக்கும் சகோதரர் நூல் கற்பதைத் தடுத்திருந்தன. தம் தாடியைப் பற்றிய நூலை அவர்களுள் பெரும்பாலோர் தாமே படித்திருக்க இயலாது. அவர்தம் சினத்தைக்கூட நாம் மடத்தலைவரின் வாய்வழியாகவே அறிகிறோம்.

பதினாறாம் நூற்றாண்டில் பியேரியோ வலேரியானோ குருமாரின் தாடிக்காக எழுதிய இலத்தீன் நூலும் இவ்வகையினதே. 1527இல் உரோம் சூறையாடப்பட்ட பின் திருத்தந்தை ஏழாம் கிளமெந்து துயரின் அடையாளமாகத் தாடி வளர்த்தார். குருமார் தாடி வளர்க்கலாகாது என்னும் பழைய திருச்சபை விதியோ வழக்கிலிருந்தது. விதிக்கும் வழக்கத்துக்கும் இடையே எழுந்த இம்முரணே அந்நூலின் தோற்றுவாய்.

நூல் எழாத இடங்கள்

மேற்கண்டவை எல்லாம் எழுதும் வாய்ப்புடையோர் எழுதியவை. ஆணை மட்டும் பிறந்து, அதற்கு ஆணைக்கு உட்பட்டோரின் வாதுரை நூலாக எழாத வரலாறும் உண்டு. உருசியப் பேரரசர் பீட்டர் 1698இல் மேலை நாடுகளிலிருந்து திரும்பியதும் அவைப் பெருமக்களின் தாடியை வெட்டினார். 1705ஆம் ஆண்டு ஆணை தாடிக்கு வரி விதித்தது. செல்வம் மிக்க வணிகர் ஆண்டுக்கு 100 ரூபிளும், அலுவலர் 60 ரூபிளும் செலுத்த வேண்டியிருந்தது. உழவர் தம் ஊரில் வரியின்றித் தாடியுடன் வாழலாம். நகர வாயிலைக் கடக்குந்தோறும் சிறு கட்டணம் செலுத்த வேண்டும். வரி கட்டியதற்குச் சான்றாக, மூக்கும் மீசையும் தாடியும் பொறித்த உலோக வில்லை வழங்கப்பட்டது. பணம் பெறப்பட்டது என்னும் சொற்களும் அதில் உண்டு. தாடியை இறைவன் அளித்த உருவின் கூறாகக் கருதிய பழைய நெறிக் கிறித்தவருக்கு இவ்வரி வெறும் பணச்சுமையன்று. 1772இல்தான் இவ்வரி நீக்கப்பட்டது. இன்று காசியல் ஆய்வாளர் அவ்வில்லைகளைப் போற்றி ஆராய்கின்றனர்.

தமிழகத்துடன் நேர்த்தொடர்புடையது வேலூர் நிகழ்வு. 1805 நவம்பரில் சென்னைப் படைக்குப் புதிய தலைப்பாகை ஆணையிடப்பட்டது. அதனைத் தொடர்ந்து சென்னை அரசின் ஒப்புதல் பெற்ற புதிய படைவிதித் தொகுப்பு, அணிவகுப்பின்போது நெற்றிக்குறியும் காதணியும் கூடா என்றது. மோவாய் முழுதும் மழிக்கப்பட வேண்டும் என்றும், மேலுதட்டு மயிரின் அளவும் வடிவமும் இயன்றவரை ஒருபடித்தாக இருக்க வேண்டும் என்றும் அது பணித்தது. மயிரின் அளவையும் வடிவத்தையும் விதியாக வரைந்தவர்கள், அதனைத் தாங்கிய முகம் எச்சமயத்தது, எவ்வழக்கத்தது என எண்ணிப் பார்க்கவில்லை. இசுலாமியச் சிப்பாய்க்குத் தாடியும், இந்துச் சிப்பாய்க்கு நெற்றிக்குறியும் உடையின் பகுதியல்ல.

தலைப்பாகையே முதன்மைக் குறையாக வெளிப்பட்டது என்பதையும், கோட்டையில் வைக்கப்பட்டிருந்த திப்புவின் குடும்பத்தாரின் பங்கு பற்றி வரலாற்றாசிரியரிடையே கருத்து வேறுபாடு உண்டு என்பதையும் மறத்தல் ஆகாது. தாடி ஒன்றே காரணம் எனக் கூறுவது மிகையாகும். ஆனால் தலைப்பாகை, நெற்றிக்குறி, காதணி, தாடி என்னும் நான்கும் ஓர் உடம்பின் மீது ஒரே காலத்தில் விதிக்கப்பட்ட ஆணைகள். அவற்றைத் தனித்தனியே பிரித்து எடை போட்டது விசாரணையாளரின் பார்வையேயன்றி, அணிவகுப்பில் நின்ற சிப்பாயின் பார்வை அன்று.

1806 மே மாதம் வேலூரில் தலைப்பாகையை மறுத்த சிப்பாய்கள் சிறைப்பட்டனர். அவர்களுள் இசுலாமியர் ஒருவருக்கும் இந்து ஒருவருக்கும் தொள்ளாயிரம் கசையடி விதிக்கப்பட்டது. சூலை 10ஆம் நாள் விடியுமுன் எழுச்சி தொடங்கியது. ஆங்கில அதிகாரிகள் பதினால்வரும் ஐரோப்பிய வீரர் நூற்றுக்கு மேற்பட்டோரும் மாண்டனர். ஆர்க்காட்டிலிருந்து விரைந்து வந்த கில்லெஸ்பியின் படை அன்றே கோட்டையை மீட்டது. கொல்லப்பட்ட சிப்பாய்கள் முந்நூற்றுக்கு மேற்பட்டோர் எனக் கணக்கிடுவர். பின்னர் பீரங்கி வாயில் கட்டிச் சுடப்பட்டோரும் உளர். ஆணைகள் திரும்பப் பெறப்பட்டன. ஆளுநர் பெண்டிங்கும் படைத்தலைவர் கிராடக்கும் 1807இல் திரும்ப அழைக்கப்பெற்றனர்.

பெண்டிங்கும் கிராடக்கும் தம் நிலையை விளக்கி அறிக்கைகள் எழுதினர், அவை அச்சேறின. சிப்பாயின் கூற்றோ விசாரணைக் குழுவின் முன் அளித்த வாக்குமூலமாக, பிறர் மொழிபெயர்த்து எழுதிய ஆங்கிலத்தில் எஞ்சியிருக்கிறது. புர்க்கார்டின் தாடிச் சகோதரர் நிலையும் வேலூர்ச் சிப்பாயின் நிலையும் இவ்வகையில் ஒத்தவை. தாடியியல் என்னும் துறை நூல்களை மட்டும் தன் சான்றாகக் கொள்ளுமாயின், இவ்விரு சாராரும் அதில் இடம்பெறுவது அரிது. படைநீதிமன்றப் பதிவுகளும் வரி வில்லைகளும் துலோரின் நூலுக்கு இணையான மூலங்கள் என்பதே என் கருத்து.

பிற்காலப் போக்கு

வேலூர் நிகழ்வுக்கு அரை நூற்றாண்டு கழிவதற்குள் இங்கிலாந்திலேயே தாடி மதிப்புப் பெற்றது. டி. எஸ். கோவிங் 'தாடியின் மெய்யியல்' என்னும் சொற்பொழிவு நூலை 1854இல் வெளியிட்டார். கிரீமியப் போரில் தாடி வளர்த்துத் திரும்பிய வீரர் அம்மதிப்பை மேலும் உயர்த்தினர். மேலுதட்டை மழிக்கலாகாது என்று பிரித்தானியப் படைவிதி பின்னர்க் கட்டளையிட்டது. 1916இல்தான் அது தளர்ந்தது. 2024 மார்ச்சில் பிரித்தானியத் தரைப்படை தன் வீரர் தாடி வளர்க்க இசைவளித்தது. இந்திய வான்படையில் தாடி வளர்க்க இசைவு கோரிய இசுலாமிய வீரர் ஒருவரின் முறையீட்டை, ஒருமைத் தோற்றமும் ஒழுங்கும் கருதி, 2016 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. அவ்வீரரின் வாதம் தீர்ப்பிலேயே பதிவாகியுள்ளது என்பது 1806உடன் ஒப்பிட்டு நோக்கத்தக்க வேறுபாடு.

கலைச்சொல்

போகோனாலஜிக்குத் தமிழில் எச்சொல்லை ஆள்வது? சங்க நூல்களில் பயிலும் 'அணல்' என்பது மோவாயையும் தாடியையும் ஒருங்கே குறிப்பது. இன்றைய மலையாளத்தில் 'தாடி' என்னும் சொல்லே அவ்விரு பொருளையும் தாங்குகிறது. கதகளியிலோ வெள்ளத் தாடி, சுவன்ன தாடி, கறுத்த தாடி என வேடங்களே தாடியால் வகைப்படுகின்றன. அனுமனுக்கு வெண்மை, துச்சாதனனுக்குச் செம்மை, வேடனுக்குக் கருமை. திருக்குறளின் 280ஆம் பாடல் மழித்தல், நீட்டல் பற்றிப் பேசினும், பரிமேலழகர் உரைப்படி அது தலைமயிரையும் சடையையும் சுட்டுவது ஆகலின் இங்குத் துணையாகாது. 'அணலியல்' ஓசை நயமும் பழமையும் உடையது. எனினும் அணல் என்னும் சொல்லுக்கே இன்று அகராதி தேவைப்படுகிறது. கேட்ட அளவில் பொருள் விளங்கும் 'தாடியியல்' என்பதையே பரிந்துரைக்கிறேன். கலைச்சொல் அகராதியில் அதனைச் சேர்க்கும்போது 'தாடி பற்றிய ஆய்வு' என்பதுடன் நிறுத்தாது, 'தாடி வளர்த்தல், மழித்தல் குறித்த நூல்கள், ஆணைகள், வரிகள், வழக்குகள் ஆகியவற்றின் ஆய்வு' என விரித்துப் பொருள் வரைதல் வேண்டும்.