பேர்லின் நகரத்துத் தோழி

ஜேர்மனியப் பெண்களுக்கு 1918இல் வாக்குரிமை கிடைத்தது. பேர்லின் மாநகரின் காரியாலயங்களும் பெருங்கடைகளும் அவர்களைத் தட்டெழுத்தாளராகவும் விற்பனையாளராகவும் அழைத்தன. ஆண்களிலும் குறைந்த சம்பளம். ஆயினும் கையிற் காசு இருந்தது. ஏறத்தாழ 40 இலட்சம் பேர் வாழ்ந்த அந்நகரிலே, பெண்ணைக் காதலித்த பெண் தன்னையொத்த இன்னொருத்தியை எவ்வாறு கண்டறிவாள்?

1924இல் அதற்கொரு வழி பிறந்தது. ‘தோழி’ எனப் பொருள்படும் ‘டீ ப்ரொய்ன்டின்’ என்ற சஞ்சிகை தெருவோரப் பத்திரிகைக் கடைகளிலே பகிரங்கமாக விற்பனைக்கு வந்தது. அதன் கதை, கட்டுரைகளினும் சிறு விளம்பரங்களே சரித்திர மாணவனுக்குப் பெருஞ் செல்வம். நட்பை நாடிய பெண்கள் சில வரிகளிலே தம் நெஞ்சைத் திறந்தனர். நடன மாலைகளும் சங்கக் கூட்டங்களும் அங்கேயே அறிவிக்கப்பட்டன. நம் அகத்திணையிலே தலைவியின் உள்ளமறிந்து தூது செல்பவள் தோழி. பண்டிதர்கள் சினக்கலாம், பேர்லினில் அத்தொழிலை அச்சு யந்திரம் செய்தது!

ஜேர்மனியக் குற்றவியற் சட்டத்தின் 175ஆம் பிரிவு ஆண்களுக்கிடையிலான உறவையே குற்றமாக்கியது. பெண்களைத் தண்டிக்கப் பிரிவில்லை. ஆதலின் அவர்கள் வாசித்த ஏட்டின்மீது கை வைத்தனர். இளைஞரை ‘ஆபாச’ எழுத்திலிருந்து காப்பதாகக் கூறி 1926இல் இயற்றிய சட்டத்தால், 1928இல் சஞ்சிகை முடங்கியது. அடுத்த ஆண்டு மீண்டும் எழுந்தது. 1933இல் நாஸிகள் அதனை முற்றாக ஒழித்தனர். பெண்கள் கூடிய விடுதிகளையும் பூட்டினர்.