காவிரியைக் கடந்த கதை

திருச்சிராப்பள்ளியில் காவிரிப் பாலத்தை ஒட்டி ஓடத்துறை என்றொரு பகுதி உண்டு. நாள்தோறும் பல்லாயிரம் பேர் அவ்வழியே செல்கின்றனர். ஆனால் அங்கு இன்று ஓடமும் இல்லை, ஓடக்காரரும் இல்லை. பெயர் மட்டுமே எஞ்சியுள்ளது. கொள்ளிடத்தின் வடகரையில் வாழும் நமக்கு மருத்துவமனை, கல்லூரி, நீதிமன்றம், பெரிய கடைவீதி ஆகிய அனைத்தும் தென்கரையிலேயே அமைந்துள்ளன. பெண் கொடுத்ததும் பெண் எடுத்ததும் அக்கரையில்தான். அரைமணி நேரத்தில் இரண்டு ஆறுகளைக் கடந்துவிடும் இன்றைய தலைமுறைக்கு, அக்கரை என்ற சொல்லின் பழைய பாரம் தெரிய வாய்ப்பில்லை. ஆகவே, இவ்வாண்டு மலரில் காவிரியையும் கொள்ளிடத்தையும் மக்கள் கடந்து வந்த வரலாற்றைச் சுருக்கமாகத் தொகுத்தளிக்க விழைகிறோம்.

துறைகள் சொல்லும் செய்தி

குடகு மலையில் தலைக்காவிரியில் பிறந்து, சுமார் 800 கிலோமீட்டர் ஓடிப் பூம்புகார் அருகே கடலில் கலக்கிறது காவிரி. திருச்சிக்கு மேற்கே முக்கொம்பில் அது இரண்டாகப் பிரிகிறது. வடக்கே செல்லும் கிளை கொள்ளிடம்; தெற்கே செல்வது காவிரி. இரண்டுக்கும் நடுவே அமைந்த தீவுதான் திருவரங்கம். காவிரியில் மிகும் வெள்ளத்தைக் கொள்ளும் இடமாதலால் கொள்ளிடம் என்று பெயர் வந்ததாகக் கூறுவர்.

ஆற்றில் இறங்கவும் கடக்கவும் ஏற்ற இடத்தைத் துறை என்றனர் நம் முன்னோர். மயிலாடுதுறை, திருப்பராய்த்துறை, திருவாவடுதுறை எனக் காவிரி நாடெங்கும் துறைகளின் பெயரால் ஊர்கள் விளங்குகின்றன. கரை உறுதியாகவும் ஆழம் தெரிந்ததாகவும் உள்ள இடத்தில் துறை அமைந்தது. துறை இருந்த இடத்தில் சந்தை கூடியது. சந்தை கூடிய இடம் ஊராயிற்று. மேற்கே பாறைகள் நிறைந்த ஒகேனக்கல் பகுதியில் மூங்கிலைப் பின்னித் தோல் போர்த்திய பரிசல் பயன்பட்டது. சமவெளியில் ஓடமும் தோணியும் ஓடின. கோடையில் மணலில் நடந்தே கடந்தனர். ஆடிப் பெருக்கில் புதுவெள்ளம் வந்தபின், ஓடக்காரர் துணிந்தால்தான் பயணம் என்ற நிலை இருந்தது. பிரசவ வலியில் துடித்த பெண்ணும், உறவினர் முகத்தை இறுதியாகக் காண விரைந்தவரும் கரையிலேயே காத்து நின்ற கதைகளை நம் பெரியோர் கூறக் கேட்டிருக்கிறோம்.

வரைபடங்களில் காவிரி

காவிரியை உலகம் மிகப் பழங்காலத்திலேயே அறிந்திருந்தது. கி.பி. 2ஆம் நூற்றாண்டில் அலெக்சாந்திரியாவில் வாழ்ந்த நிலநூல் அறிஞர் தாலமி, கபேரோஸ் என்னும் ஆற்றையும் கபேரிஸ் என்னும் வணிகத் துறைமுகத்தையும் தம் நூலில் குறித்துள்ளார். அத்துறைமுகம் காவிரிப்பூம்பட்டினமே என்பது அறிஞர் கருத்து. பிற்காலத்தில் ஐரோப்பியர் கொள்ளிடத்தைக் கோலரூன் என்று எழுதினர்.

ஆயினும் அவை கேட்டறிந்தும் கடலோரமாய்ப் பார்த்தும் வரைந்த படங்களே. நிலத்தை முக்கோணங்களாகப் பிரித்து நுட்பமாக அளக்கும் பணியை 1802இல் சென்னையில் தொடங்கியவர் வில்லியம் லாம்டன். மலை உள்ள இடத்தில் உச்சியிலிருந்து நோக்கித் தொலைவிலுள்ள குறியை அளக்கலாம். காவிரிப் படுகையிலோ மலையும் இல்லை, மேடும் இல்லை. தென்னையும் பனையும் பார்வையை மறைத்தன. எனவே அவர் கோயில் கோபுரங்களையே மலைகளாகக் கொண்டார். 1808இல் தஞ்சைப் பெரிய கோயில் விமானத்தின் மீது, ஏறத்தாழ அரை டன் எடையுள்ள கோணமானியைக் கயிறு கட்டி ஏற்றுகையில், அது சுவரில் மோதிச் சிதைந்தது. இங்கிலாந்திலிருந்து வேறொன்றை வரவழைப்பதாயின் நெடுங்காலம் ஆகும். லாம்டன் தளரவில்லை. ஆறு வாரங்கள் கூடாரத்துக்குள் அடைந்திருந்து, வளைந்த பகுதிகளைத் தாமே சிறிது சிறிதாக நிமிர்த்திச் சீர்செய்தார் என்பது வரலாறு. நாம் இன்று கைப்பேசியில் காணும் வழிகாட்டிப் படங்களுக்கு முன்னோடியான உழைப்பில் ஒரு பகுதி நம் காவிரிக் கரையில் நடந்தது என்பதை எண்ணிப் பார்க்க வேண்டும்.

ஆறு தீர்த்து வைத்த போர்கள்

பாலம் இல்லாத ஆறு அரணாகவும் அமையும், சிறையாகவும் மாறும். 1752இல் இவ்வுண்மையைத் திருவரங்கம் கண்டது. திருச்சிக் கோட்டையில் முகம்மது அலியும் அவருக்குத் துணையாக ஆங்கிலேயரும் இருந்தனர். அவரை எதிர்த்த சந்தா சாகிபும் பிரெஞ்சுத் தளபதி லாவும் தென்கரையை விட்டுத் திருவரங்கத் தீவுக்குள் சென்று தங்கினர். ஆற்றைக் காவலாக எண்ணியே அவர்கள் அவ்வாறு செய்தனர். ஆனால் கிளைவ் கொள்ளிடத்தைக் கடந்து சமயபுரத்தில் நிலைகொண்டு, புதுச்சேரியிலிருந்து உதவி வரும் வழியை அடைத்தார். தெற்கே லாரன்ஸ் நின்றார். காவலாக எண்ணிய ஆறே வேலியாயிற்று. ஜூன் மாதத்தில் பிரெஞ்சுப் படை சரணடைந்தது. தஞ்சைத் தளபதியிடம் தஞ்சம் புகுந்த சந்தா சாகிப் கொல்லப்பட்டார்.

இதே காவிரி மேற்கே மற்றொரு தீவையும் சூழ்ந்து ஓடுகிறது. அதுவே திப்பு சுல்தானின் தலைநகரான சீரங்கப்பட்டணம். 1799ஆம் ஆண்டு ஏப்ரலில் ஆங்கிலேயப் படை அதை முற்றுகையிட்டது. அப்படையில் உணவுப் பஞ்சம் நிலவியது. பருவமழை தொடங்கி ஆறு பெருகிவிட்டால் முற்றுகை நிலைக்காது என்பதை இரு தரப்பினரும் அறிந்திருந்தனர். மே 4ஆம் நாள் நண்பகலில், கோடையால் நீர் குறைந்து பாறைகள் தெரிந்த ஆற்றைக் கடந்து, உடைபட்ட மதில் வழியே படை உட்புகுந்தது. அன்றே திப்பு சுல்தான் வீரமரணம் எய்தினார். சில வாரங்கள் முன்னதாக மழை பெய்திருப்பின் வரலாறு எவ்வாறு திரும்பியிருக்கும் என்பதை இறைவனே அறிவான். ஐந்தாண்டுகளுக்குப் பின், 1804இல், அதே ஊரில் திவான் பூர்ணய்யா காவிரியின் குறுக்கே கல் தூண்களை நட்டுப் பாலம் அமைத்து, அதற்கு ஆங்கிலேயத் தலைமை ஆளுநர் வெல்லெஸ்லியின் பெயரைச் சூட்டினார். கோட்டையை வீழ்த்திய ஆட்சியின் பெயரையே அக்கற்கள் தாங்கின.

மணலின் மீது கல்

காவிரிச் சமவெளியில் பாலம் கட்டுவது எளிதன்று. பாறை கிடைக்காது, தோண்டத் தோண்ட மணலே வரும். இதற்கு விடை கண்டவர்கள் கல்லணையைக் கட்டிய நம் முன்னோரே. கரிகாலச் சோழன் காலத்தது எனப் போற்றப்படும் அவ்வணை, ஆற்றுமணலில் பெருங்கற்களை இட்டு, அவை தம் எடையால் அமிழ அமிழ மேலும் கற்களை அடுக்கி எழுப்பப்பட்டதாகும்.

19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கொள்ளிடத்தின் படுகை தாழ்ந்து நீர் அதில் பாய்ந்தது. காவிரி மேடிட்டுத் தஞ்சை நிலங்கள் நீரின்றி வாடின. அந்நிலையைச் சீராக்க வந்த பொறியாளர் ஆர்தர் காட்டன், மணலில் அடித்தளம் இடும் முறையைக் கல்லணையிடமிருந்தே கற்றதாக ஒப்புக்கொண்டவர். முக்கொம்பில் மேலணையும், கொள்ளிடத்தின் கீழ்ப்பகுதியில் கீழணையும் 1836இல் அவர் முயற்சியால் எழுந்தன. கீழணை அமைந்த இடம் அணைக்கரை என்றே வழங்குகிறது. நீரைத் தடுக்கக் கட்டிய அதன் மீதே பின்னர் சாலையும் சென்றது. அணையே பாலமாகவும் பயன்பட்டமைக்குக் கல்லணையும் சான்றாகும்.

பாலங்களுக்குப் பொறியாளர்கள் கைக்கொண்டது கிணற்று அடித்தளம். செங்கல் அல்லது கல்லால் வட்டக் கிணறு போன்ற உறையைக் கட்டி மணல் மேல் நிறுத்துவர். உள்ளிருக்கும் மணலை அள்ள அள்ள, உறை தன் எடையால் கீழிறங்கும். போதிய ஆழம் சென்றதும் உள்ளே நிரப்பி, அதன் மேல் தூணை எழுப்புவர். தூணைத் தாங்கி நிற்பது அதனைச் சுற்றி இறுகிக் கிடக்கும் மணலே. இச்செய்தியை வாசகர்கள் நினைவில் கொள்ள வேண்டுகிறோம்.

பாலங்களின் காலம்

திருச்சிக்கும் திருவரங்கத்துக்கும் இடையே 19ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் வளைவுகள் கொண்ட பாலம் அமைந்தது. 1924ஆம் ஆண்டுப் பெருவெள்ளம் காவிரிக் கரை ஊர்களை அலைக்கழித்தது. கொள்ளிடத்தின் குறுக்கே 1928இல் இரும்புப் பாலம் பயன்பாட்டுக்கு வந்தபோது, வடகரை மக்களின் வாழ்வே மாறிற்று. 1934இல் மேட்டூர் அணை நிறைவுற்றபின் வெள்ளத்தின் வேகம் ஓரளவு கட்டுக்குள் வந்தது. ஆனால் அவ்வணையின் நீர்ப்பரப்பில் பழைய ஊர்கள் பல மூழ்கின. நீர் வற்றும் ஆண்டுகளில் பண்ணவாடிப் பகுதியில் பழைய கோயில் நந்தியும் தேவாலயக் கோபுரமும் வெளிப்பட்டு, அங்கு வாழ்ந்தோரை நினைவூட்டுகின்றன. திருச்சியில் பழைய வளைவுப் பாலத்துக்கு மாற்றாக 1976இல் இன்றைய காவிரிப் பாலம் திறக்கப்பட்டது. ஓடத்துறையில் ஓடங்கள் தேவையற்றுப் போயின.

1956உம் 2018உம்

பாலம் கட்டினால் போதும், கடமை முடிந்தது என்று எண்ணுதல் பிழை. கொள்ளிடத்தில் கலக்கும் சிற்றாறு மருதையாறு. 1956 நவம்பர் 23ஆம் நாள் அதிகாலை, அரியலூர் அருகே அவ்வாற்றில் பெருகிய வெள்ளம் ரயில் பாலத்தை அரித்திருந்தது. சென்னையிலிருந்து தூத்துக்குடி நோக்கி வந்த ரயில் அங்கே கவிழ்ந்து, நூற்றுக்கும் மேற்பட்டோர் உயிரிழந்தனர். ரயில்வே அமைச்சராக இருந்த லால் பகதூர் சாஸ்திரி அதற்குப் பொறுப்பேற்றுப் பதவி விலகினார். தாம் கட்டாத பாலம், தாம் ஓட்டாத ரயில். ஆயினும் பொறுப்பு தமதென்று உணர்ந்த அப்பண்பை இன்றும் நாடு நினைவுகூர்கிறது.

2018 ஆகஸ்டில் மேட்டூரிலிருந்து வினாடிக்குச் சுமார் 2 லட்சம் கன அடி நீர் வெளியேற்றப்பட்டது. கொள்ளிடம் கரைபுரண்டது. 1928ஆம் ஆண்டுப் பழைய பாலத்தின் தூண் சரிந்து, பாலத்தின் ஒரு பகுதி நம் கண்முன்னே ஆற்றில் விழுந்தது. சில நாள்களில் முக்கொம்பில் கொள்ளிடம் பக்கத்து மதகுகளில் ஒன்பது அடித்துச் செல்லப்பட்டன. இறையருளால் பாலம் விழுந்தபோது உயிரிழப்பு ஏதுமில்லை. காரணம், 2016இலேயே அருகில் புதிய பாலம் திறக்கப்பட்டுப் போக்குவரத்து அதற்கு மாற்றப்பட்டிருந்தது. இரண்டாண்டுகள் தாமதித்திருந்தால் நம் ஊர்களில் எத்தனை இல்லங்களில் அழுகை எழுந்திருக்கும் என எண்ணுகையில் உள்ளம் நடுங்குகிறது.

1956இல் அரிப்பை எவரும் உரிய நேரத்தில் காணவில்லை. 2018இல் மாற்று முன்பே ஆயத்தமாக இருந்தது. இவ்விரண்டுக்கும் இடையிலுள்ள வேறுபாடு வெள்ளத்தின் அளவில் இல்லை; மனிதர் காட்டிய முன்கவனத்தில் உள்ளது.

நம் பொறுப்பு

தூணைத் தாங்குவது மணல் என்று மேலே குறிப்பிட்டோம். அம்மணலை வரைமுறையின்றி அள்ளியதே பாலமும் மதகும் சரிந்ததற்கு ஒரு காரணம் என்ற குரல் 2018இல் பரவலாக எழுந்தது. படுகை தாழ்ந்தால் அடித்தளம் வெளியே தெரியும். வெளியே தெரிந்த அடித்தளத்தை அடுத்த வெள்ளம் அரிக்கும். இதைப் புரிந்துகொள்ளப் பொறியியல் பட்டம் தேவையில்லை. 2024 ஆகஸ்ட் வெள்ளத்தில் திருச்சிக் கொள்ளிடத்தில் நின்ற உயரழுத்த மின்கோபுரம் சரிந்ததும் நமக்கு மற்றுமொரு எச்சரிக்கையே.

திருச்சிக் காவிரிப் பாலம் பழுதுபார்ப்புக்காக 2022ஆம் ஆண்டின் பிற்பகுதியிலிருந்து 2023 தொடக்கம் வரை மூடப்பட்டபோது, சுற்றி வரும் சிரமத்தைப் பலரும் குறைகூறினோம். நாமும் குறைகூறினோம். ஆனால் பழுது பார்க்கப்படாத பாலத்தின் விலை என்ன என்பதை மருதையாறு சொல்லும். சில மாதச் சிரமம் அதன் முன் எம்மாத்திரம்?

வீடு கட்ட மணல் வாங்கும்போது அது எங்கிருந்து வருகிறது என்று கேட்பதும், தூணடியில் பள்ளம் கண்டால் உரிய அலுவலருக்குத் தெரிவிப்பதும், வெள்ளக் காலத்தில் தடுப்பைத் தாண்டிச் செல்லாதிருப்பதும் நம்மால் இயன்றவையே. ஓடக்காரர் தம் ஓடத்தின் ஓட்டையை ஒவ்வொரு நாளும் பார்த்து அடைத்தார். பயணியரின் உயிர் தம் கையில் என்பதை அவர் அறிந்திருந்தார். பாலம் வந்தபின் அப்பொறுப்பு மறையவில்லை. அது நம் அனைவருக்கும் பங்கிடப்பட்டுள்ளது, அவ்வளவே. முன்னோர் நம்மிடம் ஒப்படைத்த துறைகளும் அணைகளும் பாலங்களும் அமானிதங்கள். அவற்றை நம் பிள்ளைகளிடம் பழுதின்றி ஒப்படைக்க வல்ல இறைவன் துணை புரிவானாக.