குடிகாரன் நூடுல்ஸும் ஒரு சர்வாதிகாரியும்

தாய்லாந்து சாப்பாட்டுக் கடை எதுக்குள்ள நுழைஞ்சாலும் மெனுவில் பெரும்பாலும் ரெண்டு நூடுல்ஸ் இருக்கும். ஒண்ணு பாட் தாய். புளி, பனைவெல்லம், வேர்க்கடலை எல்லாம் போட்டு உலகம் பூரா பேர் வாங்கின ஐட்டம். இன்னொண்ணு பாட் கீ மாவ். அகல அரிசி நூடுல்ஸ், நசுக்கின பூண்டு, கண்ணுல தண்ணி வரவழைக்கிற மிளகாய். 'பாட்' என்றால் சட்டியில் போட்டுப் பிரட்டுவது. 'கீ மாவ்' என்றால் குடிகாரன். ஆக, முதல் தட்டுக்கு ஒரு நாட்டோட பேரு, ரெண்டாவது தட்டுக்கு ஒரு குடிகாரனோட பேரு.

எங்க வீட்டில் மாசம் ரெண்டு தடவையாவது இந்தக் குடிகாரன் நூடுல்ஸ் நடக்கும். (சொட்டு சரக்கு கூட சேர்க்கிறதில்லை, பயப்படாதீங்க. குடிச்சவனுக்குத் தொட்டுக்கத்தான் இந்தக் காரம் என்று ஒரு கதை, நடுராத்திரி போதையில் வீட்டுக்கு வந்தவன் கையில் கிடைச்சதை எல்லாம் போட்டு வதக்கினான் என்று இன்னொரு கதை.) சட்டியில் விழுற ஒவ்வொரு பொருளும் எங்கேருந்து வந்துச்சுன்னு நோண்ட ஆரம்பிச்சேன். அது என்னை 1942 பாங்காக்கில் கொண்டுபோய் விட்டது. அதைத்தான் இந்தப் பதிவில் சொல்லப்போறேன். நடுநடுவே சமையலும் உண்டு.

முதலில் மிளகாய். நூடுல்ஸ் ஊறிக்கிட்டு இருக்கும்போதே ரெண்டு பேருக்கு ஆறு பல் பூண்டு, எட்டு காந்தாரி மிளகாய் எடுத்து உரலில் போட்டு ஒண்ணும் பாதியுமா இடிச்சுக்கணும். மிக்ஸியில் போட்டா தண்ணி விட்டுக்கும், வேணாம்.

இந்த மிளகாய் அமெரிக்கக் கண்டத்துச் சரக்கு. 1511ல் போர்த்துகீசியர்கள் மலாக்காவைப் பிடிச்சாங்க. அதே வருஷம் அவங்க தூதர் அயுத்தயாவுக்குப் போனார். 1516ல் வணிக ஒப்பந்தம் ஆச்சு. அந்த நூற்றாண்டில்தான் மிளகாய் அந்தப் பக்கம் பரவுச்சு. அதுக்கு முன்னாடி அவங்களுக்கும் நமக்கும் காரத்துக்கு மிளகுதான். மிளகை அவங்க 'ப்ரிக்' என்று சொல்லிக்கிட்டு இருந்தாங்க. புதுசா வந்த மிளகாய் அந்தப் பேரையே தட்டிப் பறிச்சிடுச்சு. இன்னைக்கு ப்ரிக் என்றால் மிளகாய், மிளகுக்குப் பேரு 'ப்ரிக் தாய்', அதாவது தாய்லாந்து ப்ரிக். நாம என்ன செஞ்சோம்? மிளகை மிளகாகவே விட்டுட்டு, வந்தவனுக்கு 'காய்' சேர்த்து மிளகாய்னு பேர் வச்சோம். ரெண்டு ஊர், ஒரே பிரச்சினை, ரெண்டு விதமான தீர்வு. இதில் வேடிக்கை என்னன்னா, அவங்க 'தாய்லாந்து ப்ரிக்' என்று சொந்தம் கொண்டாடுற மிளகு நம்ம மேற்குத் தொடர்ச்சி மலைக் கொடி! பாட் கீ மாவில் பச்சை மிளகைக் கொத்தோட போடுவாங்க. பழைய ப்ரிக்கும் புது ப்ரிக்கும் ஒரே தட்டில் பக்கத்துல பக்கத்துல உட்கார்ந்திருக்கும்.

அடுத்தது இலை. அவங்க 'கப்ராவ்' என்று சொல்றது வேற ஒண்ணுமில்ல, நம்ம துளசி. நாம மாடத்தில் வச்சு சுத்தி வர்றதை அவங்க கோழிக்கறியோட வதக்கிடுறாங்க. ரகம் கொஞ்சம் வேற, குடும்பம் ஒண்ணுதான். வீட்டுப் பெரியவங்க முறைப்பாங்கன்னு தோணினா திருநீற்றுப்பச்சிலை போடுங்க. அதோட சொந்தக்கார இலையும் தாய்லாந்துச் சமையலில் உண்டு. வாசம் கொஞ்சம் மாறும், வீட்டில் சமாதானம் நிலைக்கும் :-)

இப்ப நூடுல்ஸ். இதுதான் கதையோட முக்கிய இடம். 200 கிராம் காய்ஞ்ச அகல அரிசி நூடுல்ஸை சாதாரணத் தண்ணியில் முக்கால் மணி நேரம் ஊறப்போடுங்க. வளையணும், ஆனா கடிச்சா நடுவில் லேசா விறைப்பு இருக்கணும். மிச்சத்தைச் சட்டி பார்த்துக்கும். வெந்நீரில் போட்டா கூழ்தான்.

இதுக்கு தாய்லாந்தில் பேரு 'குவே தியாவ்'. மலேசியா, சிங்கப்பூர் நண்பர்கள் இப்பவே சிரிச்சிருப்பாங்க. அங்கே சீனர் கடையிலும் இதே பேர்தான், நம்மாளுங்க நடத்துற மாமாக் கடையில் வதக்கித் தர்றதுக்கும் இதே பேர்தான். தென்சீனத்து தியோச்சியூ, ஹொக்கியன் மக்களோட சொல் இது. அரிசிப் பலகாரத்தைக் கீற்றா வெட்டினதுன்னு அர்த்தம். நம்ம இடியாப்பம் மாவைப் பிழியறது. இது அரிசியை ஊற வச்சு அரைச்சு, தட்டில் மெலிசா ஊத்தி, ஆவியில் வேகவச்சு, ஏடு எடுத்து வெட்டுறது.

தியோச்சியூக்காரங்க சயாமுக்கு நேத்து வந்தவங்க கிடையாது. 1767ல் பர்மாப் படை அயுத்தயாவை அழிச்ச பிறகு நாட்டைத் திரும்ப ஒட்டவச்ச மன்னர் தக்சினோட அப்பாவே ஒரு தியோச்சியூ சீனர். 1782ல் பாங்காக் தலைநகர் ஆனப்போ, அரண்மனை கட்டுறதுக்காக அந்த இடத்தில் இருந்த சீனர்களை சாம்பெங் பக்கம் நகர்த்தினாங்க. இன்னைக்கும் அதுதான் பாங்காக்கின் சீனக் கடைத்தெரு. காவடி மாதிரி தோளில் கழி, ஒரு பக்கம் அடுப்பு, மறுபக்கம் கிண்ணமும் நூடுல்ஸும். இப்படித் தெருத்தெருவா நூடுல்ஸ் வித்தது அவங்கதான்.

இந்த இடத்தில் நம்ம சர்வாதிகாரி வர்றார். பேரு பிளேக் பிபுன்சொங்க்ராம். சுருக்கமா பிபுன். 1932ல் மன்னராட்சியின் முழு அதிகாரத்தை முடிச்சு வச்ச குழுவில் ஒருத்தர், ராணுவக்காரர். 1938 டிசம்பரில் பிரதமர் ஆனார். 1939ல் சயாம் என்ற பேரை தாய்லாந்து என்று மாத்தினார். 1939லிருந்து 1942க்குள் பன்னிரண்டு 'கலாசார ஆணைகள்' வந்துச்சு. நாட்டை எப்படிக் கூப்பிடணும், கொடிக்கும் பாட்டுக்கும் எப்படி நிக்கணும், வெளியே போகும்போது என்ன உடுத்தணும், எப்படி நாளைச் செலவழிக்கணும் என்பது வரைக்கும் அரசாங்கம் சொல்லுச்சு. வெத்தலை போடக்கூடாது, பொம்பளைங்க தொப்பி போடணும் என்றெல்லாம் தனியா ஒரு ஆட்டம் நடந்துச்சு. உள்நாட்டுப் பொருளையே வாங்கணும் என்பதும் ஒரு ஆணை.

அந்த 'உள்நாட்டு'க்குள் சீனர்கள் வரமாட்டாங்க. 1938லேயே ஆட்சிக்கு நெருக்கமான விசித் வாதகான் என்ற எழுத்தாளர், ஜெர்மனியில் யூதர்களுக்கு நடக்கிறதோடு சயாம் சீனர்களை ஒப்பிட்டு மேடையில் பேசினார். பிபுன் வந்ததும் சீனப் பள்ளிகளை வரிசையா மூடினாங்க. 1940 வாக்கில் சீனமொழிப் பத்திரிகைகளில் மிஞ்சினது ஒண்ணே ஒண்ணு. 1942ல் பல தொழில்களை தாய்லாந்துக் குடிமக்களுக்கு மட்டும் என்று ஒதுக்கினாங்க. இத்தனைக்கும் பிபுனோட தாத்தாவே சீனர் என்று சொல்றவங்க உண்டு.

அதே 1942ல் போர். ஜனவரியில் தாய்லாந்து ஜப்பான் பக்கம் நின்னு பிரிட்டன், அமெரிக்கா மேல போர் அறிவிச்சது. வருஷக் கடைசியில் பாங்காக்கை வெள்ளம் மூழ்கடிச்சது. அரிசிக்குத் தட்டுப்பாடு. அப்பதான் பிபுன் ஜனங்களைப் பார்த்து நூடுல்ஸ் சாப்பிடுங்கன்னு சொல்ல ஆரம்பிச்சார். அவர் போட்ட கணக்கு இது: நாட்டில் 1 கோடியே 80 லட்சம் பேர். ஆளுக்கு தினம் ஒரு கிண்ணம், கிண்ணம் 5 சதாங். அப்ப ஒரு நாளைக்கு 9 கோடி சதாங், அதாவது 9 லட்சம் பாத், விவசாயியிலிருந்து வியாபாரி வரைக்கும் கைமாறும். மாகாண ஆளுநர் ஒரு காவடி, வட்டார அதிகாரி ஒரு காவடி, பள்ளிக்கூடத் தலைமை ஆசிரியர் ஒரு காவடி என்று நூடுல்ஸ் விற்கச் சொல்லி உத்தரவும் போச்சு. நம்ம ஊர் கலெக்டர் கொத்துப் புரோட்டா வண்டி போட்டா எப்படி இருக்கும், நினைச்சுப் பாருங்க!

சிரிப்பா இருந்தாலும் எனக்குக் கொஞ்சம் நெருடுது. நூடுல்ஸை ஊருக்குப் பழக்கினவனோட பள்ளிக்கூடத்தை மூடிட்டு, அவன் கையிலிருந்த காவடியை மட்டும் அரசாங்கம் வாங்கித் தன் தோளில் போட்டுக்கிச்சு. பாட் தாய் பெருசா பரவினது இந்தக் காலத்தில்தான். சீன முறையில் வதக்குற நூடுல்ஸ். அதில் புளி, பனைவெல்லம், காய்ஞ்ச இறால் எல்லாம் சேர்த்து 'தாய்' என்று முத்திரை குத்தியாச்சு. ஆனா அதோட முழுப் பேரைப் பாருங்க: 'குவே தியாவ் பாட் தாய்'. வாலில்தான் அரசாங்கம் இருக்கு. தலையில் அந்த தியோச்சியூக்காரன் இன்னும் உட்கார்ந்திருக்கான்.

1942 என்று எழுதும்போது ஒண்ணைச் சொல்லாம நகர முடியலை. பாங்காக்கில் நூடுல்ஸ் கணக்கு ஓடிட்டு இருந்த அதே மாசங்களில், மேற்கே காஞ்சனபுரி காட்டில் ஜப்பான்காரன் பர்மாவுக்கு ரயில்பாதை போட்டுக்கிட்டு இருந்தான். 415 கிலோமீட்டர். 1943 அக்டோபரில் முடிஞ்சது. மலாயா ரப்பர் தோட்டங்களிலிருந்து ஏமாத்தியும் பிடிச்சும் கொண்டுபோன தமிழர்கள் அங்கே காலராவிலும் பட்டினியிலும் கொத்துக்கொத்தா செத்தாங்க. வெள்ளைக்காரப் போர்க்கைதிகளுக்குப் பேர் வெட்டின கல்லறை வரிசை வரிசையா இருக்கு. நம்மவங்களில் பெரும்பாலானவங்களுக்கு ஒரு கல்லும் கிடையாது. யார் சாப்பிடணும், யார் உழைக்கணும், யார் கணக்கில் வரணும் என்று மேலேயிருந்து ஒருத்தர் எழுதும்போது, எழுதப்படாம விடுபடுறவங்க எப்பவும் இருக்காங்க.

சரி, அடுப்புக்கு வருவோம். நூடுல்ஸ் ஊறியிருக்கும். இரும்புச் சட்டியைப் புகை வர்ற அளவுக்குக் காயவிடுங்க. வீட்டு கேஸ் அடுப்புக்கு சாம்பெங் தெருவோர அடுப்பு மாதிரி தெம்பு கிடையாது. அதனால ஒரு தடவைக்கு ரெண்டு பேருக்கு மேல செய்யாதீங்க, சட்டி ஆறிப்போனா நூடுல்ஸ் ஒட்டிக்கும். மூணு ஸ்பூன் எண்ணெய், இடிச்ச பூண்டு மிளகாய் (ஜன்னலைத் திறந்து வச்சுக்கங்க, தும்மல் கியாரண்டி). வாசம் வந்ததும் மெலிசா வெட்டின கோழி அல்லது இறால், சைவம்னா டோஃபுவும் காளானும். வெந்ததும் நூடுல்ஸ், ரெண்டு கை தண்ணி தெளிப்பு.

அடுத்து சாஸ். ஒன்றரை டேபிள்ஸ்பூன் சிப்பி சாஸ், ஒரு டேபிள்ஸ்பூன் சோயா சாஸ், நிறத்துக்கு ஒரு டீஸ்பூன் கறுப்பு சோயா, ஒரு டீஸ்பூன் மீன் சாஸ், ஒரு டீஸ்பூன் சர்க்கரை. இதில் சிப்பி சாஸும் சீனத்துச் சரக்குதான். குவாங்டாங்கில் 1888ல் லீ கும் ஷுங் என்ற சாப்பாட்டுக் கடைக்காரர் சிப்பி சூப்பை அடுப்பில் மறந்துவிட, அது சுண்டிப்போய் உண்டானது என்று அவர் ஆரம்பிச்ச கம்பெனியே கதை சொல்லுது. எல்லாம் சேர்ந்து நூடுல்ஸில் பிடிச்சதும் பச்சை மிளகுக் கொத்து, கடைசியா ரெண்டு கைப்பிடி துளசி. போட்ட உடனே அடுப்பை அணைச்சிடுங்க. இலை அந்தச் சூட்டிலேயே வதங்கிடும்.

பிபுன் 1957ல் இன்னொரு ராணுவப் புரட்சியில் ஓடினார், 1964ல் ஜப்பானில் செத்துப்போனார். நூடுல்ஸ் மேல அரசாங்கத்துக்கு இருந்த பாசம் மட்டும் போகலை. 2002ல் உலகம் பூரா தாய்லாந்து உணவகங்களைப் பெருக்க ஒரு திட்டம் போட்டாங்க. 2014ல் வெளிநாட்டில் செய்யற சாப்பாடு அசல் ருசியா இல்லையான்னு மார்க் போட ஒரு மிஷினே செஞ்சாங்க.

அந்த மிஷின் முன்னாடி என் தட்டை வச்சா எத்தனை மார்க் வரும்னு தெரியாது. ஆனா அமெரிக்க மிளகாய், மலபார் மிளகு, நம்ம துளசி, தியோச்சியூ நூடுல்ஸ், குவாங்டாங் சாஸ் எல்லாம் விழுந்த சட்டியில் அசல் எது, ஒரிஜினல் எதுன்னு எந்த மிஷின் பிரிச்சுச் சொல்லும்? இதை ஒண்ணா சேர்த்தது எந்த ஆணையும் இல்லை. பசிச்சவனும், பக்கத்து வீட்டுக்காரனைப் பார்த்துக் கத்துக்கிட்டவனும், தோளில் அடுப்பைத் தூக்கிட்டு நடந்தவனும்தான். குடிகாரன் பேரை வச்சுக்கிட்டதாலோ என்னவோ, இந்த நூடுல்ஸை யாரும் தேசத்துக்குன்னு எழுதி வாங்கிக்கலை. நான் ரெண்டையும் செய்வேன். காரம் கேட்குற நாக்குக்கு மட்டுமில்ல, மனசுக்கும் எனக்கு இதுதான் நெருக்கம்.

கொசுறு: செஞ்ச உடனே சாப்பிட்டுடுங்க. ஆறினா அரிசி நூடுல்ஸ் கயிறு. சுடவச்சாலும் பழைய ருசி திரும்பாது. காரம் தாங்கலைன்னா தண்ணி குடிக்காதீங்க, கொஞ்சம் சோறோ மோரோ எடுத்துக்கங்க. யாராவது துளசியில் செஞ்சு, வீட்டில் திட்டும் வாங்கினா பின்னூட்டத்தில் வந்து சொல்லுங்க :-)