இசட் மதிப்பு: இயல்நிலைப் பரவலில் அளவு காணும் முறை

ஓர் அளவு தான் சார்ந்த கூட்டத்தின் சராசரியிலிருந்து எத்தனை திட்ட விலக்கங்கள் விலகி நிற்கிறது என்பதைக் காட்டும் எண்ணே இசட் மதிப்பு ஆகும். அளவிலிருந்து சராசரியைக் கழித்து, மீதியைத் திட்ட விலக்கத்தால் வகுத்தால் இது கிடைக்கும். மில்லிமீட்டர், கிராம், தேர்வு மதிப்பெண் என்னும் பேதங்களெல்லாம் அவ்வகுத்தலில் நீங்கிவிடுவதால், வெவ்வேறு பாடங்களில் உயர்தரப் பரீட்சை எழுதிய மாணவரை ஒரே வரிசையில் நிறுத்திப் பல்கலைக்கழக அனுமதி வழங்க, இலங்கையில் 2001 முதல் இது பிரமாணமாகக் கொள்ளப்பட்டது.

இதன் விசேஷப் பயன் எதிர்த்திசையிலேயே விளங்கும். கூட்டத்தில் எத்தனை பங்கு அடங்க வேண்டும் என்னும் விகிதம் முன்னரே தெரிந்திருக்க, அதற்குரிய அளவைத் தேடுங்கால், இசட் மதிப்பைத் திட்ட விலக்கத்தால் பெருக்கிச் சராசரியோடு கூட்ட வேண்டும். சென்னை–பெங்களூர் நெடுஞ்சாலையில் சுங்குவார்சத்திரத்தை ஒட்டியும், ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம் வட்டாரங்களிலும் வாகன உறுப்புகளைச் செய்யும் தொழிற்சாலைகளுக்கு இக்கணக்கு நித்திய அவசியம்.

சாணை பிடித்த ஷாஃப்டுகளின் சராசரி விட்டம் 25.000 மில்லிமீட்டர், திட்ட விலக்கம் 0.004 என்று வைத்துக்கொள்வோம். நூற்றுக்குத் தொண்ணூற்றைந்து ஷாஃப்டுகள் எந்த விட்டத்தைத் தாண்டாமல் இருக்கும்? நம் பாடநூல்களின் இயல்நிலைப் பரவல் அட்டவணைகள் பெரும்பாலும் பூஜ்யத்திலிருந்து இசட் வரையுள்ள பரப்பையே தருவன; ஆகையால் 0.95-ஐ அன்று, சராசரிக்குக் கீழுள்ள பாதியை (0.5) நீக்கிய 0.45-ஐத் தேட வேண்டும். மாணவர் மிகுதியும் இடறுவது இங்கேதான். கிடைப்பது 1.645, விட்டம் 25.0066. இரு புறமும் சமமாக விட்டு நூற்றுக்குத் தொண்ணூற்றொன்பதை அடக்க வேண்டின் 2.576 கொள்ள, எல்லைகள் 24.9897, 25.0103 என அமையும்.

ஷாஃப்டின் வடிவமைப்புப் படம் அனுமதிக்கும் மேலெல்லை 25.012 எனில், அதன் இசட் மதிப்பு 3. பத்து லட்சத்தில் சுமார் 1,350 ஷாஃப்டுகளே அதைத் தாண்டும். ஆனால் சாணைக்கல் தேயத் தேய, தொழிலாளர் சொல்வதுபோல், 'சைஸ் ஏறும்'. திருத்தாமல் விட்டதனால் சராசரி 25.004 ஆயிற்றென்றால் இசட் 2 ஆகிறது. கழிவோ 22,750 ஆகிறது. கண்ணுக்குப் புலப்படாத நான்கு மைக்ரான் நகர்வு கழிவை ஏறக்குறைய பதினேழு மடங்காக்குகிறது. முடிந்த பொருளைப் பொறுக்குவதைவிட, ஓடும் யந்திரத்தின் சராசரியைக் காவல் காப்பதே மேலான மார்க்கம் என்பது இதனால் தெளிவு.

இந்நோக்கத்தோடு 1924-இல் கட்டுப்பாட்டு வரைபடத்தை அமைத்த வால்ட்டர் ஷூஹார்ட், சராசரியின் இரு புறமும் மூன்று திட்ட விலக்கங்களை எல்லையாக வைத்தார். மஹலனோபிஸ் 1931-இல் நிறுவிய இந்தியப் புள்ளியியல் கழகத்தின் தொடர்பில் ஷூஹார்ட் 1947–48-இல் இந்தியாவுக்கு வந்தார். சென்னைப் பாடியில் இயங்கிய சுந்தரம் கிளேட்டன் பிரேக்ஸ் பிரிவு, இத்தகைய தரக் கட்டுப்பாட்டுக்காக ஜப்பானியர் வழங்கும் டெமிங் பரிசை 1998-இல் பெற்றது.

பரவல் இயல்நிலையில் இருந்தால் மட்டுமே மேற்கண்ட விகிதங்கள் செல்லும். மேற்பரப்பின் சொரசொரப்பு, சுழலும் ஷாஃப்டின் ஆட்டம் முதலியவை பூஜ்யத்துக்குக் கீழே போக இயலாமையால், அவற்றின் பரவல் பெரும்பாலும் ஒரு புறம் சாய்ந்தே இருக்கும். அத்தகைய அளவுகளுக்கு முதலில் செவ்வகப் படம் வரைந்து பரவலின் உருவத்தைப் பார்த்த பின்னரே அட்டவணையை எடுப்பது நிபுணர் வழக்கம்.