1956 யாருக்குச் சொந்தம்? கம்யூனிசத்துக்குப் பிந்தைய ஹங்கேரியில் வரலாற்று நினைவும் தேசிய அடையாளமும்

ஹங்கேரியில் கம்யூனிஸ்ட் ஆட்சியின் முடிவு தேர்தலில் தொடங்கவில்லை. புதைகுழியைத் தோண்டியதில் தொடங்கியது. 1956 அக்டோபர் 23 அன்று புடாபெஸ்டில் மாணவர் ஊர்வலமாகக் கிளம்பி நாடெங்கும் பரவிய எழுச்சியை நவம்பர் 4 அன்று சோவியத் படைகள் நசுக்கின. எழுச்சியின்போது பிரதமராக இருந்தவர் இம்ரே நாகி. நாட்டை நடுநிலை நாடாக அறிவித்து வார்சா ஒப்பந்தத்திலிருந்து விலகியவர் அவர். இரகசிய விசாரணைக்குப் பிறகு 1958 ஜூன் 16 அன்று தூக்கிலிடப்பட்டார். முதலில் சிறை வளாகத்திலேயே புதைக்கப்பட்ட உடல், பின்னர் நகரின் கோடியிலிருந்த பொது இடுகாட்டின் 301ஆம் மனைக்கு மாற்றப்பட்டது. தார்த்தாளில் சுற்றி முகம் குப்புறக் கிடத்தியிருந்தார்கள். பதிவேட்டில் ஒரு பெண்ணின் பொய்ப் பெயரை எழுதியிருந்தார்கள்.

இந்த மறைப்புக்குக் காரணம் இருந்தது. 1956 முதல் 1988 வரை கட்சியையும் நாட்டையும் தன் பிடியில் வைத்திருந்த யானோஸ் காதார் சோவியத் டாங்கிகளின் துணையோடு பதவிக்கு வந்தவர். நடந்தது ‘எதிர்ப்புரட்சி’ என்று நிலைநாட்டினால்தான் அவருடைய ஆட்சிக்கு நியாயம் உண்டு. அதனால் பாடநூல், நாளிதழ், நீதிமன்றத் தீர்ப்பு எல்லாவற்றிலும் அந்தச் சொல்லே நின்றது. 200க்கும் மேற்பட்டோர் தூக்கிலிடப்பட்டனர். ஏறத்தாழ 2 லட்சம் பேர் நாட்டைவிட்டு ஓடினர். 1963இன் பொது மன்னிப்புக்குப் பிறகு அரசுக்கும் மக்களுக்கும் இடையே எழுதப்படாத உடன்பாடு ஒன்று உருவாயிற்று: மக்கள் 1956ஐப் பற்றிப் பேசமாட்டார்கள், அரசு அவர்களுடைய அன்றாட வாழ்க்கையில் அதிகம் தலையிடாது, கடைகளில் பொருள் கிடைக்கும். அண்டை நாடுகளோடு ஒப்பிட்டால் இது தாராளமான ஆட்சிதான். அந்தத் தாராளத்துக்கு விலையாகக் கேட்கப்பட்டது மறதி.

எனவே, 1956க்கு என்ன பெயர் என்ற கேள்வி எழுந்ததுமே ஆட்சியின் அடித்தளம் ஆடியது. 1989 ஜனவரி 28 அன்று கட்சியின் சீர்திருத்தத் தலைவர் இம்ரே போஷ்காய், 1956 ‘மக்கள் எழுச்சி’ என்று வானொலியில் சொன்னார். கட்சியைக் கலந்து பேசாமல் சொன்ன அந்தச் சொல்லைக் கட்சியால் திரும்பப் பெற முடியவில்லை. வசந்தத்தில் 301ஆம் மனையைத் தோண்டி உடல்களை எடுத்தார்கள். ஜூன் 16 அன்று, தூக்கிலிட்ட அதே தேதியில், வீரர் சதுக்கத்தில் ஆறு சவப்பெட்டிகள் வைக்கப்பட்டன: ஐந்து நாகிக்கும் அவருடைய தோழர்களுக்கும் உரியவை, ஆறாவது பெயர் தெரியாத போராளிகளுக்காக வைத்த வெறும் பெட்டி. லட்சக்கணக்கானோர் திரண்டார்கள், தொலைக்காட்சி அதை நேரலையாகக் காட்டியது.

அந்த நிகழ்ச்சியின் மேடையமைப்பை வடிவமைத்தவர்களில் ஒருவர் இளைய லாஸ்லோ ரைக். அவருடைய தந்தையான மூத்த லாஸ்லோ ரைக் கம்யூனிஸ்ட் அமைச்சர்; 1949இல் பொய்வழக்கில் தூக்கிலிடப்பட்டு, 1956 அக்டோபர் 6 அன்று அரசு மரியாதையுடன் மீண்டும் அடக்கம் செய்யப்பட்டவர். அந்த மீளடக்கத்தில் கூடிய பெருங்கூட்டமே பதினேழு நாள் கழித்து வெடித்த எழுச்சிக்கு ஒத்திகைபோல் அமைந்தது. இறந்தவர்களை முறையாக அடக்கம் செய்வது ஆட்சியை அசைக்கும் செயலாக அந்நாட்டில் ஒரே தலைமுறைக்குள் இரண்டு முறை நிகழ்ந்திருக்கிறது. ஜூலை 6 அன்று உச்ச நீதிமன்றம் நாகியின் தண்டனையை ரத்து செய்து கொண்டிருந்தபோதே காதார் இறந்த செய்தி வந்தது. அக்டோபர் 23 அன்று குடியரசு அறிவிக்கப்பட்டது. தேதியைத் தற்செயலாகத் தேர்ந்தெடுக்கவில்லை. சுதந்திரத் தேர்தலில் அமைந்த நாடாளுமன்றம் 1990 மே 2 அன்று கூடி நிறைவேற்றிய முதல் சட்டமே 1956இன் நினைவைப் போற்றியது.

ஆனால் புதிய குடியரசு தன் பிறப்புச் சான்றாக ஏற்றுக்கொண்ட 1956க்குள் ஒரு முரண்பாடு இருந்தது. அதன் நாயகன் நாகி, மாஸ்கோவில் வாழ்ந்து பயின்று, 1945இல் நிலச் சீர்திருத்தத்தை நடத்திய அமைச்சர். கடைசிவரை கம்யூனிஸ்டாகவே இருந்தவர். எழுச்சியை நடத்திய தொழிலாளர் மன்றங்களில் பல ஆலைகளைத் தொழிலாளர் கையில் வைத்திருக்கவே விரும்பின. முதலாளிகளிடம் திருப்பித்தரக் கேட்கவில்லை. கம்யூனிசத்தை வேரோடு மறுத்து எழுந்த அரசியலுக்கு இந்த 1956 ஒரு தொல்லை. ஹங்கேரிய நினைவரசியலின் பிற்காலப் போக்கில் பெரும்பகுதி இந்தத் தொல்லையிலிருந்து விலகிச்செல்லும் முயற்சி என்றே வாசிக்கத்தக்கது.

தொடக்கத்தில் தகராறு நீதியைப் பற்றியது. 1956இல் சுட்டவர்களையும் தண்டித்தவர்களையும் என்ன செய்வது? 1991 நவம்பர் 4 அன்று நாடாளுமன்றம் காலக்கெடு கடந்த கொலை, தேசத்துரோகக் குற்றங்களுக்கு வழக்குத் தொடர வழிசெய்யும் சட்டத்தை நிறைவேற்றியது. 1992 மார்ச்சில் அரசமைப்பு நீதிமன்றம் அதை ஒருமனதாகத் தள்ளுபடி செய்தது: சட்டத்தின் ஆட்சியைச் சட்டத்தின் ஆட்சிக்கு எதிரான வழியில் நிறுவ முடியாது என்பது அதன் நிலை. சட்டநெறியில் தீர்ப்பு உறுதியானது. அரசியலில் விளைந்ததோ வேறு: நீதிமன்றத்தில் தீராத கணக்கு தெருவுக்கும் மேடைக்கும் வந்தது. அதே ஆண்டு அக்டோபர் 23 அன்று குடியரசுத் தலைவர் ஆர்பாத் கோன்ஸ் நாடாளுமன்றத்தின் முன் பேச எழுந்தபோது கூச்சலில் பேச முடியாமல் இறங்கினார். 1956க்காக ஆயுள் தண்டனை பெற்று ஆறாண்டு சிறையிலிருந்தவருக்கே அந்த நாளில் பேச இடமில்லை.

அடுத்த தேர்தல் மேலும் குழப்பியது. 1994இல் பழைய கட்சியின் வாரிசான சோஷலிஸ்டுகள் அறுதிப் பெரும்பான்மையோடு வென்றனர். பிரதமரான கியூலா ஹோர்ன் 1989இல் ஆஸ்திரிய எல்லையைத் திறந்த வெளியுறவு அமைச்சர். எழுச்சி ஒடுக்கப்பட்டபின் அரசின் ஆயுதப்படைகளில் சேர்ந்திருந்தவரும் அவரே. வேலையின்மையிலும் விலைவாசியிலும் அவதிப்பட்ட மக்கள் காதார் காலத்தின் நிச்சயத்தை நினைத்துக்கொண்டார்கள். அது கம்யூனிசத்தின்மேல் பற்று அல்ல, ஓய்வூதியத்தின்மேல் பற்று. 1996இல் நாகியின் நூற்றாண்டையொட்டி நாடாளுமன்றத்துக்கு அருகே அவருக்குச் சிலை எழுந்தது. சிறு பாலத்தின்மேல் நின்று நாடாளுமன்றத்தைப் பார்க்கும் அந்தச் சிலை சோஷலிஸ்டுகளுக்கு உகந்ததே: சீர்திருத்தக் கம்யூனிஸ்டைப் போற்றினால் தங்கள் கடந்தகாலமும் சற்று வெளுக்கும்.

வலதுசாரிகள் வேறு நினைவுக் களஞ்சியத்தைத் தேடினார்கள். 1989இல் வீரர் சதுக்கத்தில் கடைசியாகப் பேசி, சோவியத் துருப்புகள் வெளியேற வேண்டும் என்று கேட்டுப் பெயர்பெற்ற 26 வயது இளைஞர் விக்டர் ஓர்பான் 1998இல் பிரதமரானார். 2000 ஜனவரி 1 அன்று புனித ஸ்டீபனின் கிரீடம் தேசிய அருங்காட்சியகத்திலிருந்து நாடாளுமன்றத்துக்கு மாற்றப்பட்டது. குடியரசு ஒன்று தன் சட்டமன்றத்தின் நடுவில் மன்னரின் முடியை வைப்பது வெறும் அலங்காரமல்ல. அரசின் தொடர்ச்சி 1989இலிருந்தோ 1956இலிருந்தோ அல்ல, ஆயிரம் ஆண்டுக்கு முன்பிருந்து வருகிறது என்பதே அதன் பொருள். 2002 பிப்ரவரி 24 அன்று, தேர்தலுக்குச் சில வாரம் முன், ஆந்த்ராஷி சாலை 60ஆம் எண் கட்டடத்தில் ‘பயங்கர மாளிகை’ திறக்கப்பட்டது. ஹிட்லருக்கு ஆதரவான அம்புச் சிலுவைக் கட்சியின் தலைமையகமாகவும் பின் கம்யூனிஸ்ட் அரசியல் காவல்துறையின் இடமாகவும் இருந்த வீடு அது. இரு சர்வாதிகாரங்களையும் ஒரே கூரையின்கீழ் காட்டுவதாகச் சொன்னாலும் அறைகளில் பெரும்பாலானவை கம்யூனிசத்துக்கே ஒதுக்கப்பட்டிருந்தன. கடைசிச் சுவரில் கொடுமை செய்தவர்களின் படங்கள் வரிசையாக மாட்டப்பட்டன. காட்சிக்கூடம் என்ற வகையில் அது தேர்ந்த வேலை. வரலாற்றுப் பாடமாக எடுத்துக்கொண்டால் அளவுகோலில் கோளாறு உண்டு.

எதிரணியினருடைய கையும் சுத்தமில்லை. 2002இல் வென்ற சோஷலிஸ்ட் பிரதமர் பீட்டர் மெட்ஜெஷி கம்யூனிஸ்ட் காலத்தில் டி-209 என்ற குறியீட்டில் எதிர் உளவுத்துறை அதிகாரியாக இருந்தது பதவியேற்றதும் வெளிப்பட்டது. அவர் பதவியில் தொடர்ந்தார். உளவுக் கோப்புகளை முழுமையாகத் திறக்கும் மனம் எந்த அரசுக்கும் வரவில்லை. மூடிய கோப்பு எப்போது வேண்டுமானாலும் எதிரியின்மேல் வீசத்தக்க கல்லாகவே கிடந்தது. 2006இல், எழுச்சியின் ஐம்பதாம் ஆண்டு நிறைவன்று, பிரதமர் ஜூர்ச்சானி பொய் சொன்னதை ஒப்புக்கொண்ட ஒலிப்பதிவால் கொதித்திருந்த கூட்டம் காவல்துறையோடு மோதியது. கண்காட்சிக்கு வைத்திருந்த டி-34 டாங்கி ஒன்றை ஆர்ப்பாட்டக்காரர் கிளப்பி ஓட்டினார்கள். அடுத்த ஆண்டு காதாரின் கல்லறையை உடைத்து மண்டையோட்டைத் திருடிச் சென்றனர்.

2010இல் ஓர்பான் மூன்றில் இரண்டு பெரும்பான்மையோடு திரும்பியபின் நினைவரசியல் சட்டவடிவம் பெற்றது. முதல் வேலையாகத் தொட்டது 1956ஐ அல்ல, 1920ஐ. முதல் உலகப் போருக்குப் பிந்தைய திரியனோன் ஒப்பந்தம் அந்நாட்டின் பரப்பில் மூன்றில் இரண்டு பங்கைப் பறித்து, ஹங்கேரிய மொழி பேசுவோரில் ஏறத்தாழ மூன்றில் ஒருவரை அண்டை நாடுகளில் விட்டுவிட்டது. ‘சகோதர சோஷலிச நாடுகளின்’ மனம் நோகும் என்பதற்காகக் காதார் காலத்தில் வாய்திறக்கத் தயங்கிய துயரம் அது. 2010 மே மாதத்தில் எல்லைக்கு அப்பாலுள்ள ஹங்கேரியருக்கு எளிதில் குடியுரிமை தரும் சட்டமும், ஜூன் 4ஐத் தேசிய ஒற்றுமை நாளாக்கும் சட்டமும் அடுத்தடுத்து வந்தன. 2020இல் நாடாளுமன்றத்தின் எதிரே 100 மீட்டர் நீளத்தில் சரிவான பள்ளமாக ஒரு நினைவிடம் திறக்கப்பட்டது; பழைய பேரரசு காலத்து ஹங்கேரியின் 12,000க்கும் மேற்பட்ட ஊர்ப்பெயர்கள் அதன் சுவர்களில் பொறிக்கப்பட்டுள்ளன. வாக்குரிமையோடு வந்த இந்த நினைவு ஓர்பானின் ஃபிடெஸ் கட்சிக்குத் தேர்தல் பலனும் தந்தது.

2011இல் இயற்றிய அடிப்படைச் சட்டத்தின் முகவுரையில்தான் முழுக்கணக்கும் தெரிகிறது. நாட்டின் தன்னாட்சி 1944 மார்ச் 19 அன்று, அதாவது ஜெர்மானியப் படை நுழைந்த நாளில், இழக்கப்பட்டு 1990 மே 2 அன்று மீண்டது என்று அது அறிவிக்கிறது. இந்த 46 ஆண்டுகளை அடைப்புக்குள் போட்டால் காதாரின் காலம் அந்நியர் ஆட்சியாகிவிடும். அதில் பங்கேற்ற ஹங்கேரியர் எவரும் ‘நாம்’ அல்ல. கூடவே இன்னொன்றும் அடைப்புக்குள் போகிறது. 1944 மே முதல் ஜூலை வரை 4,30,000க்கும் மேற்பட்ட யூதர்கள், பெரும்பாலும் ஆஷ்விட்ஸுக்கு, நாடு கடத்தப்பட்டனர். வண்டியில் ஏற்றியவர்கள் ஹங்கேரியக் காவலர்களும் அதிகாரிகளும். அரசின் தலைவராக மிக்லோஷ் ஹோர்த்தி அப்போதும் பதவியிலிருந்தார். 1920இலிருந்தே யூதர்களின் கல்வியையும் 1938 முதல் அவர்களுடைய தொழில், திருமண உரிமைகளையும் ஒடுக்கிய சட்டங்களை இயற்றியதும் அவருடைய ஆட்சிதான். மார்ச் 19 என்ற ஒற்றைத் தேதி இந்தப் பொறுப்பின் பெரும்பகுதியை ஜெர்மனியின் கணக்கில் எழுதிவிடுகிறது.

அந்தத் தேதிக்கு 2014இல் கல்லிலும் வெண்கலத்திலும் உருவம் கொடுத்தார்கள்: ஹங்கேரியைக் குறிக்கும் காப்ரியேல் தேவதையின்மேல் ஜெர்மானியக் கழுகு பாய்கிறது. எதிர்ப்பு வலுத்ததால் திறப்பு விழாவே இல்லாமல் இரவோடு இரவாக நிறுவினார்கள். ஹங்கேரிய யூத அழிவின் முதன்மை வரலாற்றாசிரியர் ராண்டல்ஃப் பிரஹாம் தனக்கு அந்நாடு அளித்த விருதைத் திருப்பி அனுப்பினார். கொல்லப்பட்டோரின் உறவினர்கள் சிலையின் எதிரே படங்கள், செருப்புகள், கடிதங்கள், கூழாங்கற்களை வைத்துத் தாங்களே ஒரு நினைவிடத்தை உண்டாக்கினார்கள். இந்தச் சிலை நிற்கும் அதே சதுக்கத்தில் சோவியத் விடுதலைத் தூணும் ரொனால்ட் ரீகன் சிலையும் நிற்கின்றன. ஐரோப்பாவில் ஒரே பார்வையில் இத்தனை முரணான வரலாறுகள் தெரியும் இடங்கள் குறைவு.

பிறகு நாகியின் முறை வந்தது. 2018 டிசம்பர் 28 அன்று விடியுமுன் அவருடைய சிலை பாலத்தோடு சேர்த்துக் கழற்றப்பட்டு, பின்னர் தன்யூப் கரையோரச் சதுக்கம் ஒன்றில் வைக்கப்பட்டது. சிலை முன்பு நின்ற இடத்தில் 1919இன் கம்யூனிஸ்ட் ஆட்சியில் பலியானவர்களுக்காக 1934இல் ஹோர்த்தி காலத்தில் எழுப்பி, 1945இல் இடிக்கப்பட்ட நினைவுச்சின்னத்தின் மறுவடிவம் எழுந்தது. நாடாளுமன்றப் பகுதியை 1944க்கு முந்தைய தோற்றத்துக்குத் திருப்புவதாக அரசு விளக்கியது. எழுச்சியை ஆராய்வதற்கென்றே அமைந்த 1956 ஆய்வு நிறுவனமும், அரசு நிறுவிய வெரிட்டாஸ் வரலாற்று நிறுவனத்துடன் 2019இல் இணைக்கப்பட்டது. அரசு 1956ஐக் கைவிடவில்லை. சீர்திருத்தக் கம்யூனிஸ்டுகளையும் தொழிலாளர் மன்றங்களையும் பின்னுக்குத் தள்ளி, துப்பாக்கி ஏந்திய புடாபெஸ்ட் தெருச் சிறுவர்களை முன்னால் நிறுத்தியது. அறுபதாம் ஆண்டு நிறைவின் பதாகைகளில் தெரிந்ததும் அவர்களுடைய முகங்களே.

2022இல் ரஷ்யா உக்ரைன்மீது படையெடுத்ததும் 1956 மீண்டும் வெளியுறவுக் கேள்வியாயிற்று. போலந்தும் பால்டிக் நாடுகளும் தங்கள் சோவியத் கால அனுபவத்தைச் சொல்லி உக்ரைனுக்கு ஆயுதம் கொடுத்தன. ஹங்கேரி அதே வகை அனுபவத்தை வைத்துக்கொண்டு விலகி நின்றது. 2023இல் ரஷ்யாவின் புதிய பள்ளிப் பாடநூல் 1956இன் பழியை மேற்கத்திய உளவுத்துறைகள்மீதும் போட்டபோது புடாபெஸ்ட் அதை மறுத்தது. ஆனால் 2024 செப்டம்பரில் பிரதமரின் அரசியல் இயக்குநர் பாலாஷ் ஓர்பான், 1956இன் அனுபவத்தை வைத்துப் பார்த்தால் உக்ரைன் அதிபர் செய்ததை ஹங்கேரி செய்திருக்காது என்று பேசினார். எழுச்சியில் உயிர்விட்டவர்களை இழிவுபடுத்திய பேச்சு என்று எதிர்க்கட்சிகள் அவரைப் பதவி விலகக் கோரின. அவர் தவறாகப் புரியும்படி பேசிவிட்டார், அது பிழை என்று ஒப்புக்கொண்ட பிரதமர், அவரைப் பதவியில் வைத்துக்கொண்டார். 1989இல் வீரர் சதுக்கத்தில் 1956 என்றால் வல்லரசின் படையை எதிர்த்து நிற்பது என்று பொருள்பட்டது; 35 ஆண்டு கழித்து ஆளும் தரப்பு அதே ஆண்டிலிருந்து எடுத்த பாடம், சிறிய நாடு வல்லரசோடு மோதக்கூடாது என்பது.