மொல்லியைப் படைத்தவர்: கேர்ட்ரூட் பேர்க்

நடிகையரின் வரலாற்றை எழுதப் புகுவோர் அவர் ஏற்ற பாத்திரங்களை எண்ணிக் கூறுவதோடு அமைந்துவிடுதல் வழக்கம். அப்பாத்திரங்களுக்குச் சொல் தந்தவர் யாவர் என்னும் வினா அங்கே எழுவது அரிது. ஐக்கிய அமெரிக்க நாட்டினரான கேர்ட்ரூட் பேர்க்கைப் பொறுத்தவரை அவ்வினாவே முதற்கண் எழற்பாலது. தாம் புகழ்பெற்ற பாத்திரத்தைத் தாமே படைத்து, அதற்குரிய உரையாடலையும் தாமே எழுதியவர் அவர்.

1899 ஆம் ஆண்டு ஒக்டோபர் 3 ஆந் திகதி நியூயோர்க் நகரிலே யூதக் குடும்பமொன்றில் அவர் பிறந்தார். தந்தையார் கற்ஸ்கில் மலைப்பகுதியில் விடுதி நடத்திவந்தார். மழை நாள்களில் வெளியே செல்லவியலாது அடைபட்டுக் கிடந்த விருந்தினரை மகிழ்விக்க எழுதிய சிறு நாடகங்களே அவரது எழுத்துப் பயிற்சியாயின.

1929 நவம்பர் 20 இல், பங்குச் சந்தை வீழ்ச்சியுற்றுச் சில வாரங்களே கழிந்த நிலையில், கோல்ட்பேர்க் குடும்பத்தின் கதை வானொலியில் ஒலிக்கத் தொடங்கியது. நியூயோர்க்கில் வாழும் எளிய யூதக் குடும்பம்; அதன் தலைவி மொல்லி. யன்னல் வழியே அயலாரை விளித்துப் பேசும் அவளது ஆங்கிலம், இத்தீஷ் மொழியின் சாயலால் வளைந்தும் நெளிந்தும் வரும். நகைச்சுவைக்கு அது இடமாயினும் ஏளனத்திற்கு இடமாகவில்லை. ஜேர்மனியில் யூதர் இல்லங்களும் ஆலயங்களும் தாக்கப்பட்ட மறு ஆண்டு, 1939 ஏப்பிரில் 3 இல், பாஸ்கா விருந்தின் நடுவே யன்னலை உடைத்துக்கொண்டு கல்லொன்று வந்து விழுவதாக பேர்க் எழுதினார். குடும்பக் கதை எழுதுவோர் பலர் அந்நாளில் துணியாத செயல் அது.

1949 சனவரியில் மொல்லி தொலைக்காட்சிக்கு வந்தாள். 1950 இல் திரைப்படமும் வெளிவந்தது. சிறந்த நடிகைக்கான எமி விருது 1951 தொடக்கத்தில் பேர்க்குக்குக் கிடைத்தது. ஆயின், அவ்விருதுக்கு முன்னரே இடர் தொடங்கிவிட்டது.

1950 யூனில் வெளியான 'ரெட் சனல்ஸ்' என்னும் நூல், பொதுவுடைமைச் சார்பினர் எனக் கூறி வானொலி, தொலைக்காட்சித் துறையினர் 151 பேரின் பெயர்களை வெளியிட்டது. மொல்லியின் கணவனாக நடித்த பிலிப் லோப் அவருள் ஒருவர். நடிகர் சங்கத்தில் முன்னின்று உழைத்தவர் அவர். தாம் பொதுவுடைமைக் கட்சியினர் அல்லர் என்று மறுத்தும் பயன் விளையவில்லை. நிகழ்ச்சிக்குப் பணம் அளித்த ஜெனரல் ஃபூட்ஸ் நிறுவனம் அவரை நீக்குமாறு கோரியது. மொல்லி தன் யன்னலிலிருந்து பார்வையாளர்க்குப் பரிந்துரைத்துவந்த சங்கா கோப்பி அந்நிறுவனத்தினதே என்பது ஈண்டு நினைக்கத்தக்கது. பேர்க் இணங்கவில்லை. 1951 இல் அந்நிறுவனம் விலகிற்று, சீ.பீ.எஸ். நிலையமும் நிகழ்ச்சியைக் கைவிட்டது.

லோப் இருக்குமட்டும் வேறு விளம்பரதாரர் முன்வரவில்லை. நிகழ்ச்சியை நம்பியிருந்த ஏனையோர் தொழிலிழந்து நின்றனர். 1952 சனவரியில் ஈட்டுத்தொகை பெற்று லோப் விலகினார். மறுமாதம் வேறொரு நடிகர் அவரிடத்தில் நிற்க, என்.பீ.சீ. நிலையத்தில் நிகழ்ச்சி மீண்டது. பேர்க் பணிந்துவிட்டார் எனப் பழிப்பது எளிது. எனினும், எத்தனையோ பேர் முதல் நாளே பணிந்த காலத்தில் அவர் ஓராண்டுக்கு மேல் நின்றார் என்பதையும் கூறாதுவிடின் வரலாறு குறைபடும். லோப்புக்கு வேலை அருகிற்று. 1955 செப்டெம்பர் 1 இல், நியூயோர்க் விடுதியொன்றில் உறக்க மாத்திரைகளை மிகுதியாக உட்கொண்டு அவர் உயிர் துறந்தார். அடுத்த ஆண்டில் மொல்லியின் தொடரும் நின்றது.

பின்னர் பேர்க் பிறர் எழுத்துக்கு நடிக்கலானார். லெனார்ட் ஸ்பிகல்காஸ் எழுதிய 'எ மெஜோறிற்றி ஒவ் வண்' நாடகத்தில், போரில் மகனை இழந்த யூத விதவையாக நடித்து 1959 இல் ரோனி விருது பெற்றார். 1961 இல் அந்நாடகம் திரைப்படமானபோது அப்பாத்திரம் றொசலிண்ட் றஸலுக்கு வழங்கப்பட்டது. அவ்வாண்டிலேயே தம் வாழ்க்கை வரலாற்றை நூலாக வெளியிட்ட பேர்க், 1966 செப்டெம்பர் 14 இல் மறைந்தார்.